அக்காவும் பனிக்கட்டி ஹொக்கியும்

பத்திரிகைத் தொழிலில் முப்பது ஆண்டுகளைக் கடந்துவிட்டேன். அதில் நான்கு ஆண்டுகள் விளையாட்டுப் பக்கத்துக்குப் பொறுப்பாக இருந்தேன். வெளிநாட்டுச் செய்தி நிறுவனங்களிலிருந்து டெலிபிரின்டரில் வந்து குவியும் தாள்களில், முழுதும் படிக்காமலே நான் குப்பைக் கூடைக்கு அனுப்பிய விளையாட்டு ஒன்று உண்டென்றால் அது பனிக்கட்டி ஹொக்கிதான். பனிக்கட்டியைக் குளிர்சாதனப் பெட்டிக்கு வெளியே கண்டிராத ஒரு நாட்டில் அதை யார் படிக்கப் போகிறார்கள் என்பது என் வாதம். அந்த வாதத்தை 2025 ஏப்ரலில், மஸ்கெலியாவில், என் சொந்த அக்காவே முறியடித்தார்.

சித்திரைப் புத்தாண்டுக்காகக் கொழும்பிலிருந்து ஊருக்குப் போயிருந்தேன். அக்கா இன்னும் அதே தோட்டத்தில், அதே லயத்தில்தான் இருக்கிறார். நாற்பது ஆண்டுகளுக்குக் குறையாமல் கொழுந்து பறித்து ஓய்வு பெற்றவர். அவருடைய ஒரே மகன் பேராதனைப் பல்கலைக்கழகத்தில் பொறியியல் படித்துவிட்டு, மேற்படிப்புக்காக ஐக்கிய அமெரிக்காவின் மிச்சிகன் மாநிலத்திலுள்ள கலமசூ என்ற நகரத்துக்குப் போயிருந்தான். அங்குள்ள வெஸ்டர்ன் மிச்சிகன் பல்கலைக்கழகத்தில் காகிதத் தொழில்நுட்பம் படித்துக்கொண்டிருந்தான். அந்தப் புத்தாண்டுக்கு அவனால் வர முடியவில்லை.

ஏப்ரல் 11 ஆம் திகதி அதிகாலை இரண்டரை மணியிருக்கும். முன்னறையில் விளக்கு எரிவதைக் கண்டு எழுந்து வந்தேன். அக்கா கம்பளியைப் போர்த்திக்கொண்டு, கைத்தொலைபேசியை மடியில் வைத்தபடி உட்கார்ந்திருந்தார்.

"என்னக்கா, தூங்கலையா?"

"நம்ம புள்ளையோட காலேஜுக்கு மேட்ச் இருக்குதாம் தம்பி. இதுல எண்ணிக்கை வருமாம். எல்லாம் இங்கிலீசுல ஓடுது. நீதான் வாசிச்சுச் சொல்லணும்."

ஒரு காலத்தில் நான் குப்பைக் கூடைக்கு அனுப்பிய செய்தி, என்னைத் தேடி லயத்துக்கே வந்து சேர்ந்தது!

வாசகர்களுக்கு இந்தப் போட்டியைப் பற்றிச் சிறிது சொல்ல வேண்டும். அமெரிக்கக் கல்லூரிகளுக்கிடையிலான பனிக்கட்டி ஹொக்கித் தேசியப் போட்டி 1948 இல், கொலராடோ ஸ்பிரிங்ஸ் நகரில், நான்கே அணிகளுடன் தொடங்கியது. முதல் வெற்றி மிச்சிகன் பல்கலைக்கழகத்துக்கு. (எங்கள் மலையக மக்களின் பிரஜாவுரிமையைப் பறித்த சட்டம் வந்ததும் அதே 1948 தான். ஊர்க்காரனுக்கு இந்த ஆண்டைக் கண்டால் நினைவு அங்கேதான் போகும்.) இன்று முதற் பிரிவில் அறுபதுக்கும் மேற்பட்ட கல்லூரிகள் ஆடுகின்றன. அவற்றில் பதினாறு அணிகள் தேசியப் போட்டிக்குத் தெரிவாகின்றன. ஒரு முறை தோற்றால் வீட்டுக்குப் போக வேண்டியதுதான். எஞ்சும் நான்கு அணிகளும் ஒரே நகரத்தில் கூடி ஆடும் கடைசிக் கட்டத்துக்கு 'ஃப்ரோசன் ஃபோர்' என்று பெயர். உறைந்த நால்வர் என்று சொல்லலாம்.

ஒரு பக்கத்துக்குக் காவலரோடு சேர்த்து ஆறு பேர். இருபது நிமிடம் வீதம் மூன்று பகுதிகள். பந்துக்குப் பதிலாக இறப்பரால் ஆன ஒரு கறுப்பு வட்டு. அது துள்ளாமல் வழுக்கிச் செல்ல வேண்டும் என்பதற்காக ஆட்டத்துக்கு முன் அதை உறைய வைப்பார்கள். இதையெல்லாம் மருமகனிடம் குறுஞ்செய்தியில் கேட்டுக் கேட்டு அக்காவுக்குச் சொன்னேன்.

"இறப்பரா? நம்ம பக்கத்து இறப்பரா இருக்குமோ?" என்றார் அக்கா. இருக்கலாம் என்றேன். அதற்குப் பிறகு ஆட்டம் அவருக்கு இன்னும் நெருக்கமாகிவிட்டது.

அன்றைய அரையிறுதியில் எதிரணி டென்வர் பல்கலைக்கழகம். பத்துத் தடவை தேசிய வெற்றி கண்ட அணி. முந்திய ஆண்டின் வெற்றியாளரும் அதுவே. மருமகனின் பல்கலைக்கழகமோ அதற்கு முன் ஒரு தடவைகூடக் கடைசி நால்வருக்குள் வந்ததில்லை. அதன் சொந்த மைதானமான லோசன் அரங்கில் நாலாயிரம் பேர்கூட அமர முடியாது. ஆனால் அங்கே மாணவர்கள் போடும் கூச்சல் நாடறிந்தது. மிச்சிகனின் குளிருக்குப் பயந்து அறைக்குள்ளே கிடந்த எங்கள் பையனை ஒரு நண்பன் அங்கே இழுத்துச் சென்றானாம். இரண்டாவது ஆட்டத்திலிருந்து அவனே மற்றவர்களை இழுத்துச் செல்லத் தொடங்கிவிட்டான்.

வெஸ்டர்ன் மிச்சிகன் இரண்டு கோல்கள் போட்டு முன்னணியில் இருந்தது. அக்கா தேநீர் போட எழுந்தார். மூன்றாம் பகுதியில் டென்வர் இரண்டையும் திருப்பிக் கொடுத்துவிட்டது. முடிவதற்குச் சில நிமிடங்களே இருந்தன. மேலதிக நேரத்தில் யார் முதலில் கோல் போடுகிறார்களோ அவர்களுக்கே வெற்றி. முதல் இருபது நிமிடத்தில் யாரும் போடவில்லை. இரண்டாவது மேலதிக நேரம் தொடங்கிய ஒரு நிமிடத்துக்குள் ஓவன் மைக்கேல்ஸ் என்ற இளைஞன் வட்டை வலைக்குள் அனுப்பினான். 3–2. வெளியே பொழுது புலர்ந்துகொண்டிருந்தது.

"ஜெயிச்சாச்சு அக்கா."

அவர் சுவாமிப் படத்தைப் பார்த்து ஒரு கும்பிடு போட்டார். பிறகு, அடுத்த மேட்ச் எப்போது என்று கேட்டார்.

இறுதி ஆட்டம் 13 ஆம் திகதி, எங்கள் நேரப்படி விடியற்காலை ஐந்து மணிக்கு. முதல் நாள் பௌர்ணமி. அக்காவின் இஸ்தோப்பில் நின்று பார்த்தால் மவுசாக்கலை நீர்த்தேக்கத்தின் மேல் நிலவு காயும். அதற்கப்பால் சிவனொளிபாத மலைக்கு ஏறும் பாதையின் விளக்குகள் கோடு போட்டாற்போல் உச்சி வரைக்கும் தெரியும். அந்த நீருக்கடியில்தான் பழைய மஸ்கெலியா நகரம் கிடக்கிறது. அறுபதுகளின் கடைசியில் அணை கட்டியபோது மூழ்கியது. கடும் வரட்சியில் நீர் இறங்கும்போது பழைய கோயிலும் பள்ளிவாசலும் பன்சலையும் தலைகாட்டும். ஊரார் திரண்டு போய்ப் பார்ப்பார்கள்.

இம்முறை மருமகன் நண்பர்களின் அறையிலிருந்து காணொளி அழைப்பு எடுத்து, கைத்தொலைபேசியை அங்கிருந்த தொலைக்காட்சிக்கு முன் நிறுத்தி வைத்துவிட்டான். செயின்ட் லூயிஸ் நகரத்து அரங்கு எங்கள் முன்னறைக்கு வந்தது. எதிரணி பொஸ்டன் பல்கலைக்கழகம். ஐந்து தடவை தேசிய வெற்றி கண்டது. வட்டு எங்கே போகிறது என்பதே எனக்குப் புலப்படவில்லை. அக்கா மட்டும் அசையாமல் பார்த்துக்கொண்டிருந்தார். இடைவேளையில் மகனிடம் கேட்டார்:

"ஏம்ப்பா, இந்தப் புள்ளைக உங்க ஊர்ல இருந்து அம்புட்டுத் தூரம் போறதுக்கு பஸ் காசு யாரு குடுக்கிறது?"

பையன் சிரித்தான். "பிளேன்ல கூட்டிட்டுப் போவாங்கம்மா. ஹோட்டல், சாப்பாடு எதுக்கும் பிள்ளைங்க காசு குடுக்க வேண்டியதில்ல."

அக்கா கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு, "அப்படின்னா ஓடலாம்" என்றார்.

பையனுக்கு அது விளங்கவில்லை. "ஓடுறதில்லம்மா, சறுக்குறது" என்றான். எனக்கு விளங்கியது. கையிலிருந்த தேநீரைக் கீழே வைத்தேன்.

1981 இல் அக்காவுக்குப் பதினாறு வயது. எனக்குப் பதின்மூன்று. எங்கள் தோட்டப் பாடசாலைக்கு மைதானம் கிடையாது. மலைச்சரிவில் சமதரையான இடமெல்லாம் தொழிற்சாலைக்கும் துரை பங்களாவுக்கும் போக, மிஞ்சியது கோயில் முற்றம் ஒன்றுதான். அக்கா ஓடிப் பழகியது தேயிலை லொறி போகும் பாதையில். அப்படிப் பழகியவர் நுவரெலியாவில் நடந்த போட்டியில் 400 மீற்றர் ஓட்டத்தில் வெறுங்காலோடு ஓடி முதலாவதாக வந்தார். அடுத்த கட்டத்துக்குப் போவதென்றால் பயணச் செலவு, சப்பாத்து, இரண்டு நாள் தங்குவதற்குப் பணம் வேண்டும் என்று ஆசிரியர் கடிதம் கொடுத்தனுப்பினார்.

அந்த மாதந்தான் என்னை ஹட்டனில் ஒரு பெரிய பாடசாலையில் சேர்த்து, விடுதிக்குக் காசு கட்டியிருந்தார்கள். அப்பா கடிதத்தை இரண்டு தடவை என்னை வாசிக்கச் சொல்லிக் கேட்டார். திட்டவில்லை, மறுக்கவும் இல்லை. மடித்துக் கூரைத் தகரத்துக்கும் மரத்துக்கும் இடையில் செருகிவிட்டார். அக்காவும் ஒன்றும் கேட்கவில்லை. மறு ஆண்டு தோட்டத்தில் பேர் பதிந்துகொண்டு கொழுந்துக் கூடையை மாட்டிக்கொண்டார்.

அதன் பிறகு நான் கலைப்பட்டம் பெற்றேன், பத்திரிகையாளன் ஆனேன். எத்தனையோ பேருடைய வெற்றிகளை எழுதினேன். கண்டியில் பிறந்த முத்தையா முரளிதரன் 2010 ஜூலையில் காலியில் 800 ஆவது விக்கெட்டை வீழ்த்திய போது, மலையகத் தமிழன் என்ற பெருமிதம் பொங்க எழுதினேன். முரளியின் திறமை அவருடையது. ஆனால் அவருக்கு ஆடுவதற்குப் புனித அந்தோனியார் கல்லூரியும் அதன் மைதானமும் இருந்தன என்பதை அப்போது நான் ஒரு வரியிற்கூட எழுதவில்லை. 1991 இல் பாடசாலைக் கிரிக்கெட் வீரர்களில் சிறந்தவராகத் தெரிவானவர் அவர். அந்தப் படி இல்லாமல் அடுத்த படி ஏது?

திறமையுள்ளவன் எப்படியும் மேலே வந்துவிடுவான் என்று மேடைகளில் பேசுவோர் உண்டு. நானும் பேசியிருக்கிறேன். வந்தவர்களை மட்டுமே எண்ணினால் அப்படித்தான் தோன்றும். வராதவர்களை எண்ணுவதற்கு யாரிடமும் கணக்கு இல்லை.

கலமசூவைப் பற்றி மருமகன் சொன்ன இன்னொரு செய்தியையும் இங்கே சேர்க்க வேண்டும். 2005 இல், பெயர் சொல்ல விரும்பாத சில செல்வந்தர்கள் அந்நகரத்தின் அரசாங்கப் பாடசாலைகளில் படித்து முடிக்கும் பிள்ளைகளுக்கு, மாநிலத்தின் அரசாங்கப் பல்கலைக்கழகங்களிலும் கல்லூரிகளிலும் படிப்பதற்கான கட்டணத்தைத் தாமே செலுத்துவதாக அறிவித்தார்கள். பாலர் வகுப்பிலிருந்தே அங்கு படித்தவர்களுக்கு முழுக் கட்டணம். இடையில் சேர்ந்தவர்களுக்கு அதற்கேற்ற விகிதம். இருபது ஆண்டுகளாகியும் கொடுத்தவர்கள் தம் பெயரை வெளியிடவில்லை. இங்கே ஒரு தண்ணீர்க் குழாய் போட்டுக் கொடுத்தாலும் அதைவிடப் பெரிதாகப் பெயர்ப்பலகை மாட்டுகிறோம்! அமெரிக்காவில் எல்லாம் பொன் என்று நான் சொல்ல வரவில்லை. அங்கும் படிப்புக்காகக் கடன்பட்டு அல்லற்படும் குடும்பங்கள் ஏராளம். ஒரு பிள்ளை அடுத்த கட்டத்துக்குப் போவதைப் பஸ் காசு தீர்மானிக்கக் கூடாது என்று ஒரு ஊரில் சிலர் நினைத்தார்கள், அவ்வளவுதான்.

ஆட்டத்துக்கு வருகிறேன். வெஸ்டர்ன் மிச்சிகன் 6–2 என்ற கணக்கில் வென்றது. அதன் வரலாற்றில் முதல் தேசிய வெற்றி. இறுதியிலும் இரண்டு கோல்கள் போட்ட மைக்கேல்ஸே தொடரின் சிறந்த ஆட்டக்காரர். பயிற்றுநர் பட் ஃபெர்ஷ்வைலர் அதே பல்கலைக்கழகத்துக்கு ஒரு காலத்தில் ஆடியவர். தொலைபேசியில் மாணவர்களின் கூச்சல் காதைப் பிளந்தது. எங்கள் பையனும் அவர்களுக்கிடையே ஏதோ கத்திக்கொண்டிருந்தான். அக்கா தொலைபேசியைப் பார்த்துக் கைதட்டினார். அடுத்த காம்பராவிலிருந்து என்ன விசேஷம் என்று எட்டிப் பார்த்தார்கள். "நம்ம காலேஜு ஜெயிச்சிருச்சு" என்றார் அக்கா.

அன்று மாலை நோர்வூட் வரை போக வேண்டியிருந்தது. 2017 மே 12 இல் இந்தியப் பிரதமர் மோடி மலையக மக்களிடையே உரையாற்றிய மைதானத்தைத் தாண்டித்தான் பஸ் போயிற்று. பையன்கள் சிலர் கிரிக்கெட் ஆடிக்கொண்டிருந்தார்கள். அவர்களில் எத்தனை பேரிடம் அடுத்த கட்டத்துக்கான கடிதம் வந்து சேரும், அது எத்தனை கூரைகளில் செருகப்படும் என்று நினைத்துக்கொண்டேன். பிள்ளைகள் ஓடுகிறார்கள். ஓடியவர்களை அடுத்த ஊருக்குக் கொண்டுபோகும் செலவுதான் பல இடங்களில் இல்லாமல் இருக்கிறது. ஊருக்கு உதவ வேண்டும் என்று வெளிநாடுகளிலிருந்து கேட்கும் நண்பர்களுக்கு நான் இப்போது சொல்லும் பதில் இதுதான்: கட்டடம் வேண்டாம், ஒரு பிள்ளையின் பயணச் செலவை ஏற்றுக்கொள்ளுங்கள். பெயரைச் சொன்னாலும் சரி, சொல்லாவிட்டாலும் சரி.

திரும்பி வந்ததும் அக்காவிடம் கேட்டேன்: "அந்தக் கடிதம் இன்னும் இருக்குதா?"

"கூரை மாத்தினப்போ எங்கயோ போயிருச்சு. அதுக்கென்ன இப்போ? நீ படிச்சதுனாலதான் இவன் படிச்சான். கை கழுவிட்டு வா, பலகாரம் ஆறிப்போகும்" என்றார்.

அவர் கணக்கை அவர் எப்போதோ முடித்துவிட்டிருக்கிறார். என் கணக்குத்தான் பாக்கி. விளையாட்டுப் பக்கத்துக்குப் பொறுப்பாயிருந்த நான்கு ஆண்டுகளில் எழுதத் தவறிய ஒரு முடிவை, நாற்பத்து நான்கு ஆண்டுகள் தாமதமாக இங்கே பதிந்து வைக்கிறேன்.

நுவரெலியா, 1981. பெண்களுக்கான 400 மீற்றர் ஓட்டம். முதலாம் இடம்: மஸ்கெலியாத் தோட்டப் பாடசாலை மாணவி ஒருவர், என் அக்கா.