பாட்டு வராத படத்துக்கு நன்றி

அன்புள்ள வீணை பாலசந்தர் அவர்களுக்கு,

இந்த மடல் உங்களை எட்டாது. 1990 ஏப்ரல் 13 அன்றே நீங்கள் போய்விட்டீர்கள். உங்கள் 'அந்த நாள்' படம் வெளியானதும் ஓர் ஏப்ரல் 13தான், 1954இல். இதை யாராவது கதையில் எழுதியிருந்தால் செயற்கையாக இருக்கிறது என்று அடித்திருப்பேன்.

தூர்தர்ஷனில் ஞாயிறு மாலை படம் போட்ட காலத்தில்தான் அதை முதலில் பார்த்தேன். பாட்டு வந்தால் எழுந்து போய் உலை வைப்பது அத்தையின் வழக்கம். அன்று அரை மணி நேரம் ஆயிற்று, முக்கால் மணி நேரம் ஆயிற்று. "என்னடி, பாட்டே காணோம்?" என்று கேட்டவர், அப்படியே உட்கார்ந்துவிட்டார். தமிழ்ப் படம் என்றால் பாட்டும் நடனமும் என்றிருந்த நாளில், சங்கீதத்திலேயே ஊறிய நீங்கள் ஒரு பாட்டுகூட வைக்காமல் படம் எடுத்தீர்கள். அப்போது உங்களுக்கு வயது 27. சம்மதித்த தயாரிப்பாளர் ஏவி. மெய்யப்பச் செட்டியாருக்கும் ஒரு நன்றி. வசூல் கைகொடுக்காதபோது அவர் என்ன நினைத்தாரோ.

சிவாஜியை முதல் காட்சியிலேயே சுட்டுச் சாய்த்துவிட்டீர்கள். முந்தைய மாதம்தான் 'மனோகரா'வில் அவர் கர்ஜித்ததை ஊரே கேட்டிருந்தது. இங்கே அவர் ரேடியோ இன்ஜினீயர் ராஜன். 1943 அக்டோபரில் ஜப்பான் விமானம் சென்னையில் குண்டு போட்டதே, அதற்கு மறுநாள் பிணமாகக் கிடக்கிறார். விசாரிக்க வரும் சி.ஐ.டி.யாக ஜாவர் சீதாராமன், வசனமும் அவருடையதே. அடுத்த வீட்டுக்காரர் ராஜனின் தம்பியைக் கைகாட்டுகிறார். தம்பியோ தன் மனைவியின் மேலேயே சந்தேகத்தைத் திருப்புகிறான். ஒவ்வொருவர் வாயிலும் ஒவ்வொரு ராஜன்.

குரோசாவாவின் 'ராஷோமோன்' தந்த பொறி என்பார்கள். இருக்கட்டும். அங்கே உண்மை கடைசிவரை பிடிபடுவதில்லை. உங்கள் படத்தில் பிடிபட்டுவிடுகிறது, பிடிபடுவதுதான் வலி. ராஜனைக் காதலித்துக் கைப்பிடித்த உஷா வாயைத் திறக்கும்போது, அதுவரை துப்பறியும் கதையாக இருந்தது காதல் கதையாகிவிடுகிறது. உஷாவாக, 'பராசக்தி'யில் சிவாஜிக்கு ஜோடியாக நடித்த அதே பண்டரிபாய்! ராஜனுக்குத் திறமை உண்டு, கனவும் உண்டு. அவற்றை இந்த நாட்டில் யாரும் சீந்தவில்லை. அந்த ஆத்திரத்தில், ஊரெல்லாம் கேட்க வேண்டிய ரேடியோவை எதிரிக்கு ரகசியம் சொல்லும் கருவியாக்கிவிடுகிறான். அவன் செய்தது துரோகம், அதில் எனக்குச் சந்தேகமில்லை. ஆனாலும் அவன் மனக்குறை பொய் என்று நீங்கள் சொல்லவில்லை. அதற்காகத்தான் உங்களுக்கு முதல் நன்றி. வில்லன் என்று ஒரு மீசையை ஒட்டிக் கதையை முடித்திருக்கலாம்.

இரண்டாவது, அந்தத் துப்பாக்கியை மனைவியின் கையில் கொடுத்ததற்கு. நாடா, புருஷனா என்று மேடை போட்டு முழங்க எத்தனையோ வழி இருந்தது. உஷா அழுகிறாள், கெஞ்சுகிறாள், கை நடுங்குகிறது. அவள் கையில் இருக்கும்போதுதான் துப்பாக்கி வெடிக்கிறது. கொன்றவளும் அவளே, தாலி அறுத்தவளும் அவளே. இந்த இடத்தில் ஒரு சோகப் பாட்டு வந்திருந்தால் அழுது தீர்த்துவிட்டு எழுந்து போயிருப்போம். நீங்கள் அந்த வசதியைத் தரவில்லை. ராஜனை இத்தனை வருஷமாக என்னால் முழுசாக வெறுக்கவும் முடியவில்லை, மன்னிக்கவும் முடியவில்லை.

பிறகு 'பொம்மை' எடுத்தீர்கள், 'நடு இரவில்' எடுத்தீர்கள், கடைசியில் வீணையோடு போய்விட்டீர்கள். சினிமாவுக்கு நஷ்டம் என்று சொல்ல வாய் வருகிறது. உங்கள் வீணையைக் கேட்டவர்கள் சண்டைக்கு வருவார்கள்.

அன்று படம் முடிந்தும் அத்தை எழுந்திருக்கவில்லை. மணி எட்டைத் தாண்டியிருந்தது. உலை வைக்கவில்லையா என்று மாமா கேட்டார்.

"வைக்கிறேன்," என்றார் அத்தை. "அந்தப் பொண்ணு இனிமே யாருக்கு உலை வைப்பா?"

இப்படிக்கு,
உங்கள் ரசிகை