கிட்டார் இல்லாத மேடை

தொண்ணூறுகளில் எடுத்த காணொளி ஒன்று. மேடையில் மூன்றே பேர். ராக் இசைக்குழு என்கிறார்கள். கண் வழக்கமான கிட்டாரைத் தேடுகிறது. அது எங்கும் இல்லை.

நெடிய மனிதர் ஒருவர் மைக் முன்னால் நிற்கிறார். தோளில் பேஸ் கிட்டார். நான்கு தந்திகள் இருக்க வேண்டிய கருவியில் இரண்டுதான் இருக்கின்றன. அவற்றின்மேல் இடது கையின் ஸ்லைடு வழுக்கிப் போகிறது. கோட்டுவாத்தியத்தில் கட்டை ஓடுவதுபோல, ஒரு சுரத்துக்கும் அடுத்ததற்கும் நடுவே உள்ள தூரம் முழுவதும் ஒலிக்கிறது. இவர்தான் மார்க் சாண்ட்மன். அமெரிக்காவில், மாசசூசெட்ஸ் மாநிலத்துக் கேம்பிரிட்ஜில் உருவான 'மார்ஃபின்' குழுவின் பாடகர். குரலை உயர்த்துவதே இல்லை. பக்கத்தில் இருப்பவரிடம் பேசுகிற தணிவில் பாடுகிறார். மார்ஃபினுக்கு முன் ப்ளூஸ் வாசித்த குழுவில் இருந்தவர். அந்த ஈரம் குரலில் இன்னும் காயவில்லை.

அருகே டானா கோலி. கழுத்தில் தொங்குவது பாரிடோன் சாக்ஸபோன், ஆள் பாதி உயரம். கிட்டார் விட்டுப்போன இடத்தையெல்லாம் இதுதான் நிரப்புகிறது. திடீரென்று டெனர் சாக்ஸபோனையும் எடுத்துக்கொள்கிறார். கைக்கு ஒன்றாக இரண்டையும் பிடித்து, இரண்டு ஊதுவாயையும் உதடுகளுக்குள் வைத்து, ஒரே மூச்சில் ஊதுகிறார். ஜாஸில் ராஷான் ரோலண்ட் கிர்க் செய்து காட்டியது இது. கோலியிடம் வேடிக்கை காட்டும் எண்ணம் துளியும் தெரியவில்லை. பாட்டுக்கு அந்தக் கனம் தேவைப்படுகிறது, அவ்வளவுதான்.

பின்னால் டிரம்ஸில் பில்லி கான்வே. எங்கே அடிக்காமல் விட வேண்டும் என்று தெரிந்த கை.

மூவரும் கீழ்ஸ்தாயியிலேயே உலவுகிறார்கள். 'லோ ராக்' என்று சாண்ட்மன் இதற்குப் பெயர் வைத்திருந்தார். ராக் இசையின் கூச்சலையும் மின்னலையும் கழற்றிவிட்டால் மிஞ்சுவது வெறுமையாக இருக்கும் என்றுதான் தோன்றும். கேட்டால் அப்படி இல்லை. அறையே நிறைந்துவிடுகிறது. ஜாஸின் மூச்சு, ப்ளூஸின் வலி, ராக்கின் தாளம் எல்லாம் நெருக்கிக்கொள்ளாமல் இருக்க இடம் கிடைத்திருக்கிறது. புதுமைக்காகக் கருவிகளைக் குவித்த குழுக்கள் எத்தனையோ உண்டு. குறைத்தே புதுமை கண்டவர்கள் இவர்கள். என் மனம் இவர்கள் பக்கம்தான்.

1999 ஜூலை 3 அன்று, ரோம் நகருக்கு அருகே பாலஸ்த்ரீனாவில் கச்சேரி. பாடிக்கொண்டிருந்த மேடையிலேயே சாண்ட்மன் மாரடைப்பால் சரிந்தார். வயது 46. அந்தக் குழுவும் அதோடு முடிந்தது. ஏற்கெனவே பதிவாகியிருந்த 'தி நைட்' என்ற தொகுப்பு 2000-இல் வெளிவந்தது.

புதிதாகக் கேட்பவர்கள் 1993-இல் வந்த 'க்யூர் ஃபார் பெயின்' தொகுப்பிலிருந்து தொடங்குங்கள். கைப்பேசியின் சின்ன ஸ்பீக்கரில் வேண்டாம். இந்தத் தாழ்ந்த ஒலிகள் அதில் பாதிகூடக் கேட்காது. நல்ல ஹெட்போன் போட்டுக்கொள்ளுங்கள்.