பாதிப் பெயர்

சென்ற மார்கழியில் ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை, தில்லிக் குளிருக்கு அஞ்சி, எங்கள் வீட்டு மூன்று தலைமுறையும் ஒரே அறையில் ஒரே ஹீட்டரைச் சுற்றி அமர்ந்திருந்தது. பேரன் கைபேசியில் தன் தோழன் ஒருவனிடம் பேசிக்கொண்டிருந்தான். அப்பேச்சினிடையே 'போர்க்' என்னும் சொல் இரண்டு மூன்று முறை வந்து விழுந்தது. எனக்கு ஒரே வியப்பு. ஆட்டத்தை விட்டு விலகி நாற்பதாண்டுகளுக்கு மேலாகிவிட்ட டென்னிஸ் வீரர் ஒருவரைப் பற்றி இருபத்திரண்டு வயதுப் பிள்ளை இவ்வளவு ஆர்வத்துடன் பேசுகிறானே என்று மகிழ்ந்து, "பியோர்ன் போர்க்கைப் பற்றித்தானே பேசுகிறாய்?" என்று கேட்டேன்.

"அது யார், தாத்தா?" என்றான் அவன்.

என் மகன் செய்தித்தாளைத் தாழ்த்தி, "அப்பா, இவன் சொல்வது தொலைக்காட்சித் தொடரில் வந்த போர்க். மனிதரைப் பிடித்து இயந்திரமாக்கும் கூட்டம்" என்றான். பேரன் எங்கள் இருவரையும் மாறி மாறிப் பார்த்துச் சிரித்தான். அவன் சொன்னது ஒரு கணிப்பொறிச் செயலியின் பெயராம்.

தமிழில் எழுதிப் பார்த்தால் 'போர்க்களம்' என்பதைப் பாதியில் நிறுத்தினாற்போல் இருக்கிறது. அந்தப் பாதிச் சொல் ஒரே கூரையின்கீழ் மூவருக்கு மூன்று பொருளில் நின்றதைக் கண்டபின் என்னால் சும்மா இருக்க முடியவில்லை. ஓய்வு பெற்றவனுக்கு வேறு என்ன வேலை? அதன் பூர்வோத்தரத்தைத் தேடலானேன்.

என் போர்க்கிலிருந்தே தொடங்குகிறேன். நான் தில்லிக்கு வந்தது 1971இல். மூன்றாண்டுகள் கழித்து, 1974ஆம் ஆண்டு அமெரிக்க ஓப்பன் பந்தயத்தின் இரண்டாம் சுற்றில், சென்னையின் விஜய் அமிர்தராஜ் ஸ்வீடன் நாட்டு இளைஞர் போர்க்கை வென்றார். அன்று எங்கள் அலுவலகத்தில் மதறாசிகள் ஐந்து பேரும் தலை நிமிர்ந்து நடந்தோம். 1979இல் விம்பிள்டனிலும் அவ்விருவர் இரண்டாம் சுற்றில் மோதினர். ஐந்து செட் வரை இழுத்துச் சென்றும் அம்முறை போர்க்கே வென்றார். 1976 முதல் 1980 வரை தொடர்ந்து ஐந்தாண்டுகள் அக்கோப்பை அவருடையதாகவே இருந்தது. அந்தத் தோல்வியை நான் இன்னும் மன்னிக்கவில்லை என்பதை இங்கே ஒப்புக்கொண்டு மேலே செல்கிறேன்.

ஸ்வீடிஷ் மொழியில் போர்க் என்றால் கோட்டை. பியோர்ன் என்றால் கரடி. ஆக, அவர் 'கரடிக் கோட்டை'யார்! ஜெர்மன் மொழியின் 'புர்க்' என்பதும், ஹாம்பர்க் முதலிய ஊர்ப் பெயர்களின் ஈற்றில் நிற்பதும் இச்சொல்லின் உடன்பிறப்புக்களே. நம் நாட்டில் ஊர்ப் பெயர்கள் கோட்டை என்றும் புரம் என்றும் முடிவதைப் போன்றது இது.

இவ்விடத்தில் ஒரு செய்தி என்னைக் கவர்ந்தது. ஸ்வீடன் நாட்டுக் குடியானவர்களுக்கு முற்காலத்தில் குடும்பப் பெயர் என்பதே கிடையாது. ஆண்டர்ஸ் என்பவனுடைய மகன் ஆண்டர்ஸன், அவ்வளவே. மகனுக்கு மகன் பிறந்தால் அப்பெயரும் மாறிவிடும். தந்தை பெயரின் முதலெழுத்தை முன்னே வைத்துக்கொள்ளும் நம் வழக்கத்துக்கு இது எவ்வளவு நெருங்கிய உறவு! ஒரு படைப்பிரிவில் பத்து ஆண்டர்ஸன்கள் நின்றால் தளபதி யாரையென்று அழைப்பார்? ஆகவே படையில் சேர்ந்தவனுக்குக் கூப்பிட எளிதான சிறு பெயர் ஒன்று சூட்டினார்கள். ஒருவன் கேடயம்; ஒருவன் வாள்; மற்றொருவன் தீரன். அவர்களுள் பலர் வீடு திரும்பும்போது அப்பெயரையும் கையோடு கொண்டு சென்றனர். 1901இல் வந்த ஒரு சட்டம் குடும்பந்தோறும் நிலையான பெயர் வேண்டும் என்று விதித்தது. ஐஸ்லாந்து மட்டும் இன்றளவும் தந்தை அல்லது தாயின் பெயரைக்கொண்டே மக்களைக் குறிக்கிறது.

நிற்க. சொற்களை ஒலியை வைத்து உறவு கொண்டாடுவது ஆபத்தான விளையாட்டு. மால்ட்டா தீவிலும் போர்க் என்பது மிகப் பரவலான குடும்பப் பெயர். ஆனால் அவர்களுடைய மொழியிலுள்ள அதையொத்த சொல்லுக்குக் கற்குவியல் என்று பொருள். நம் தில்லிச் செங்கோட்டையின் ஷா புர்ஜைப் பார்த்துவிட்டு வந்த நான், இந்தப் புர்ஜும் அந்தப் புர்க்கும் ஒன்றே என்று இரண்டு நாள் களித்துக் கிடந்தேன். அரபியின் புர்ஜ் கிரேக்க மொழியில் கோபுரத்தைக் குறிக்கும் ஒரு சொல்லின் வழியாக வந்தது என்பர். அக்கிரேக்கச் சொல்லுக்கும் வடவரின் கோட்டைக்கும் உறவுண்டா என்பதில் அறிஞரிடையே முடிந்த முடிபு இல்லை. என் களிப்பு அத்துடன் நின்றது.

என் மகனுடைய போர்க்குக்கும் கோட்டைக்கும் எவ்விதத் தொடர்பும் இல்லை. அதன் கதை வேறு.

1948இல் நார்பர்ட் வீனர் என்ற கணித அறிஞர், விலங்குகளும் இயந்திரங்களும் தம்மைத் தாமே நெறிப்படுத்திக்கொள்வதை ஆராயும் துறைக்கு 'சைபர்நெட்டிக்ஸ்' என்று பெயரிட்டார். கப்பலின் சுக்கானைப் பிடிக்கும் மீகாமனைக் கிரேக்கர் 'குபெர்னேட்டிஸ்' என்பர், அதுவே மூலம். லத்தீன் வழியாக அச்சொல் நாட்டின் சுக்கானைப் பிடிப்பவருக்கும் ஆகி, நம் செய்தித்தாள்களில் 'கவர்னர்' என்று நாள்தோறும் காட்சி தருகிறது. 1960இல் மேன்ஃபிரட் கிளைன்ஸ், நேதன் கிளைன் என்னும் இருவர், விண்வெளியில் பிழைத்திருக்கக் கருவிகளுடன் இணைந்த மனித உடலைக் கருத்தில்கொண்டு, 'சைபர்நெட்டிக்' என்ற சொல்லின் முதல் மூன்று ஆங்கில எழுத்துக்களையும், உயிரியைக் குறிக்கும் 'ஆர்கனிசம்' என்பதன் முதல் மூன்றையும் ஒட்டி, 'சைபோர்க்' என்றொரு சொல்லைப் படைத்தனர். பின்னர்த் தொலைக்காட்சிக்கு எழுதியவர்கள் அச்சொல்லின் தலையைக் கொய்துவிட்டு, எஞ்சியதை ஓர் இனத்துக்குச் சூட்டினார்கள். அதுவே போர்க். மீகாமன் போய்விட்டான், அவன் பெயரில் எஞ்சியது ஒரே ஒரு மெய்யெழுத்து.

'ஸ்டார் டிரெக்' வரிசையின் 'தி நெக்ஸ்ட் ஜெனரேஷன்' என்ற தொடரில் 1989இல் இவ்வினம் முதன்முதலாகத் தோன்றியது. முதலில் பூச்சிகளைப் போன்ற இனமாகவே எண்ணியிருந்தார்களாம். செலவு கட்டுப்படியாகவில்லை என்று பாதி மனிதர் பாதி இயந்திரமாக்கினார்கள். சிக்கனம் இவ்வளவு நன்றாகக் கலைக்கு உதவியது அரிது. இவர்கள் பகைவரைக் கொல்வதைவிடத் தம்முள் கரைத்துக்கொள்வதையே விரும்புவர். எதிர்ப்பது வீண் என்று முன்கூட்டியே அறிவித்துவிட்டு வருவர். பிடிபட்டவனுடைய அறிவும் மொழியும் கூட்டத்துக்குச் சொந்தம். அவன் பெயர் மட்டும் யாருக்கும் வேண்டாம். அதற்குப் பதிலாக 'ஐந்தில் மூன்றாவன்' என்பதுபோல் ஓர் எண்.

எங்கள் வீட்டில் செயற்கைக்கோள் தொலைக்காட்சி வந்த புதிதில் மகன் பள்ளிப் பாடத்தை மூடிவைத்துவிட்டு இதைப் பார்ப்பான்; நான் கடிந்துகொள்வேன். இப்போது அவனையே பக்கத்தில் இருத்திக்கொண்டு, 1992இல் வெளிவந்த கதை ஒன்றைக் கண்டேன். அந்த 'ஐந்தில் மூன்றாவன்' காயமுற்று மனிதர் கப்பலில் சிறைப்படுகிறான். எண்ணைச் சொல்லி அழைக்க மனமில்லாத மருத்துவரும் பொறியாளரும் அவனுக்கு ஒரு பெயரிட முனைகின்றனர். ஆங்கிலத்தில் 'நீ' என்று பொருள்படும் 'யூ' என்ற ஒலியே திரிந்து 'ஹியூ' என்ற பெயராகிறது. ஐரோப்பாவில் பழங்காலந்தொட்டு வழங்கும் அப்பெயர் உள்ளம், மனம் என்னும் பொருளுள்ள ஒரு வேரிலிருந்து வந்தது! 'நாங்கள்' என்றே பேசிப் பழகிய அவன், போகப் போக 'நான்' என்று சொல்லக் கற்றுக்கொள்கிறான். 1997இல் 'வாயேஜர்' தொடரில் வந்த 'ஒன்பதில் ஏழாமவள்' என்ற பெண்ணும் அத்தகையவளே. ஆறு வயதில் பிடிபடுமுன் அவள் ஆனிகா ஹான்ஸன். பெயரைப் பாருங்கள், போர்க் என்றால் கோட்டை என்று அறிந்த வடநாட்டாரின் பெயர்!

கதையைப் பார்த்து முடித்தபின் நான் வெகுநேரம் பேசாதிருந்தேன். காரணத்தைச் சொல்லிவிடுகிறேன்.

என் தந்தையார் பெயர் வைத்தியலிங்கம். 1983இல் மகனைப் பள்ளியில் சேர்க்கச் சென்றபோது, குடும்பப் பெயர் என்ன என்று குமாஸ்தா கேட்டார். எங்களுக்கு அப்படியொன்று இல்லை என்றேன். கட்டத்தை வெறுமையாக விடக்கூடாது என்றார். வேறு வழியின்றி என் தந்தையார் பெயரைச் சொன்னேன். அவர் அதை எழுதும்போது நடுவே வெட்டி, 'வைத்ய' என்று ஒரு கட்டத்திலும், 'லிங்கம்' என்று அடுத்த கட்டத்திலும் இட்டார். வடக்கே வைத்ய என்பது தனிப் பெயர் அல்லவா? நான் அருகில் நின்று பார்த்துக்கொண்டுதான் இருந்தேன். எனக்குப் பின்னால் இருபது பேர் வரிசையில் நின்றனர், அலுவலகத்துக்கு நேரமாகிவிட்டது, பிறகு திருத்திக்கொள்ளலாம் என்று வந்துவிட்டேன். பத்தாம் வகுப்புச் சான்றிதழில் நடுப்பெயரும் உதிர்ந்துவிட்டது. அன்றுமுதல் என் மகன் லிங்கம், மருமகள் லிங்கம், பேரன் லிங்கம். ஊரில் என் தந்தையாரைப் பெரியவர்கள் 'வைத்தி' என்பர், இளையவர்கள் 'வைத்தியண்ணா' என்பர். லிங்கம் என்று அவரை அழைத்தவர் ஒருவருமில்லை. எவரும் அழைக்காத பாதியைத்தான் நாங்கள் தில்லியில் மூன்று தலைமுறையாகச் சுமக்கிறோம். குமாஸ்தாவைக் குறை சொல்லி என்ன? பேனா அவர் கையில் இருந்தது. வாய் என்னிடந்தானே இருந்தது?

இனி, பேரனின் போர்க். அவனுடைய தொழிலில் அப்பெயருடையவை ஒன்றல்ல, இரண்டு. முதலாவது கூகுள் நிறுவனத்தார் தம் கணிப்பொறிக் கூட்டத்தை மேய்க்கும் ஏற்பாடு. 2015இல் அவர்களே வெளியிட்ட ஆய்வுரையின்படி, ஏறத்தாழ 10,000 பொறிகள் கொண்டது நடுத்தரமான ஒரு தொகுதி. வேலையை ஒப்படைப்பவன் அது எந்தப் பொறியில் நடக்கிறது என்று அறிய வேண்டுவதில்லை. ஒரு பொறி பழுதுபட்டால் அதன் பணியை மற்றொன்று ஏற்றுக்கொள்ளும். ஒவ்வொரு பொறியிலும் 'போர்க்லெட்', அதாவது குட்டிப் போர்க், ஒன்று காவலிருக்கும். பொறிக்குப் பெயர் எதற்கு, எண் போதாதா? தொலைக்காட்சிக் கதையை நன்றாகவே படித்திருக்கிறார்கள்!

அவ்வனுபவத்தைக் கொண்டு, உலகத்தார் அனைவரும் பயன்படுத்தத்தக்க வேறொன்றை 2014இல் வெளியிட்டனர். 'ஒன்பதில் ஏழாமவள்' நினைவாக அதற்கு முதலில் 'ஏழு' என்றே மறைபெயர் வைத்திருந்தார்களாம். கூட்டத்தைவிட்டு வெளிவந்து மனிதரோடு பழகிய போர்க் அல்லவா அவள்! வெளியிடும்போது சூட்டிய பெயர்தான் என்னை நாற்காலியிலிருந்து எழச் செய்தது: 'குபெர்னேட்டிஸ்'. ஆம், அதே கிரேக்க மீகாமன். அதன் சின்னம் ஒரு சுக்கான் சக்கரம், ஆரங்கள் ஏழு. தலை வெட்டுண்ட சொல்லின் வழிவந்த பிள்ளைக்கு அந்தத் தலையே பெயராக வந்து பொருந்திவிட்டது. "உங்கள் அலுவலகத்தில் இது யாருக்காவது தெரியுமா?" என்று பேரனைக் கேட்டேன். அங்கே எட்டெழுத்துக்கு மேற்பட்ட சொல் என்பதால் நடு எட்டையும் நீக்கிவிட்டு, முதலும் கடையும் வைத்து, இடையில் 8 என்று எழுதுகிறார்களாம். மறுபடியும் வெட்டு!

இரண்டாவது போர்க், கோப்புக்களைப் பிரதியெடுத்துக் காக்கும் செயலி. அது 2015இல் 'அட்டிக்' என்ற பழைய செயலியிலிருந்து கிளைத்தது. அட்டிக் என்றால் நம் வீட்டுப் பரண்தான். ஒரே துண்டு எத்தனை கோப்புக்களில் வந்தாலும் ஒருமுறையே சேமித்து, வேண்டும்போது முழுமையாக மீட்டுத் தரும் என்று பேரன் விளக்கினான். அந்த ஞாயிறன்று தோழனிடம் அவன் பேசியதும் இதைப் பற்றியே. நம் வீட்டுப் பழைய புகைப்படங்களையெல்லாம் பிரதி எடுத்து அதில் அடைத்துக்கொண்டிருந்தான். மஞ்சளித்துப்போன என் தந்தையார் படமும் அவற்றுள் ஒன்று.

இப்போது அவனுக்குப் பாஸ்போர்ட் எடுக்க வேண்டியிருக்கிறது. முழுப் பெயரையும் மீட்டு எழுதலாமா என்று என்னைக் கேட்டான். எழுதினால் சான்றிதழ்கள் எல்லாவற்றையும் திருத்த வேண்டும். வழக்கறிஞர், உறுதிமொழிப் பத்திரம், நாளிதழில் விளம்பரம் என்று அலைச்சல். என் மகன் வேண்டாம் என்கிறான்; அவனும் திருத்திக்கொள்ள நேருமே என்ற கவலை அவனுக்கு. வேண்டும் என்று சொல்ல எனக்கு ஆசைதான். 1983இல் வரிசையில் நின்று செய்யாததை 2026இல் பேரன் தலையில் கட்டுவது நியாயமாகத் தோன்றாததால், "உன் விருப்பம்" என்று மட்டும் சொன்னேன்.

நேற்றிரவு அவன் தன் கணிப்பொறித் திரையை என் பக்கம் திருப்பிக் காட்டினான். படங்களை அடைத்த பெட்டகத்துக்கு ஒரு பெயர் தரவேண்டுமாம்; தந்திருந்தான். கண்ணாடியை அணிந்துகொண்டு படித்தேன். தமிழ் எழுத்தில் 'வைத்தி' என்று இருந்தது. பாஸ்போர்ட் விண்ணப்பத்தில் குடும்பப் பெயருக்கான கட்டம் இன்னும் நிரப்பப்படவில்லை.