விலக்கி வைத்த நாவல்

திருமுல்லைவாயிலில் எங்கள் வீடு மாசிலாமணீசுவரர் கோயிலுக்கு அருகில் இருந்தது. மாலை வேளைகளில் என் தந்தையார் குளக்கரையில் அமர்ந்து, சார்லஸ் டிக்கன்ஸ் இயற்றிய ‘டேவிட் காப்பர்ஃபீல்டு’ என்னும் ஆங்கில நாவலை எங்களுக்குத் தமிழிற் சொல்லுவார். யார்மத் கடற்கரையில் பழைய படகு ஒன்றையே வீடாக்கி வாழ்ந்த பெகாட்டி குடும்பத்தாரின் கதையைக் கேட்டுத்தான், நாவல் என்பது இன்னது என நான் அறிந்தேன்.

பின்னர்க் கல்லூரியில் ஆங்கில இலக்கியம் பயின்றேன். கேம்பிரிட்ஜ் அறிஞர் எஃப். ஆர். லீவிஸ் 1948இல் வெளியிட்ட ‘தி கிரேட் டிரடிஷன்’ என்னும் திறனாய்வு நூல் அப்போது என் கைக்கு வந்தது. அவரிடம் பயின்ற மைசூர்ப் பேராசிரியர் சி. டி. நரசிம்மையா போன்றோரால் அவருடைய நெறி இந்திய வகுப்பறைகளிலும் பரவியிருந்த காலம் அது. ஜேன் ஆஸ்டின், ஜார்ஜ் எலியட், ஹென்றி ஜேம்ஸ், ஜோசப் கான்ராட் ஆகியோரை முதல் வரிசையில் வைத்த லீவிஸ், டிக்கன்ஸைப் பேராற்றல் உடையவர் என்று ஒப்புக்கொண்டும், மகிழ்விக்கும் கலைஞராகவே மதித்து விலக்கினார். ‘ஹார்டு டைம்ஸ்’ என்னும் ஒரு நாவலுக்கு மட்டும் நூலின் இறுதியில் இடம் தந்தார்.

அன்று மாலையே, “அப்பா, நீங்கள் போற்றும் நாவல் உயர்ந்த வரிசையில் சேராதாம், பெரிய அறிஞர் எழுதியிருக்கிறார்” என்றேன்.

“அவர் படித்துவிட்டுச் சொல்கிறார். நீ படித்தாயா?” என்று கேட்டார்.

நான் விடை கூறவில்லை. ஆங்கில மூலத்தை நான் முழுதும் படித்திருக்கவில்லை. அதன்பின் படிக்கவும் எண்ணவில்லை.

1970ஆம் ஆண்டு டிக்கன்ஸ் மறைந்த நூறாம் ஆண்டு. அவ்வாண்டில் லீவிஸும் அவர் மனைவியார் கியூ. டி. லீவிஸும் இணைந்து ‘டிக்கன்ஸ் தி நாவலிஸ்ட்’ என்னும் நூலை வெளியிட்டனர். முன்பு விலக்கப்பட்டவர் இப்போது மிகப் பெரும் படைப்பாளருள் ஒருவராக நிற்கின்றார்! என் தந்தையாரின் நாவலைப் பற்றிய கட்டுரை அம்மையார் எழுதியது. அதனை அவர் டால்ஸ்டாயின் படைப்போடு ஒப்புநோக்குகின்றார். குழந்தை உள்ளம் கொண்ட தாயை இழந்த டேவிட், அத்தாயைப் போன்ற டோராவையே மணப்பதில் எத்துணை ஆழ்ந்த கருத்து உள்ளது என்று காட்டுகின்றார். லீவிஸ் தம் பழைய தீர்ப்பை மாற்றிக்கொண்டதை வெளிப்படையாக ஒப்பவில்லை என்று குறை கூறுவோர் உண்டு. எனக்கு அது பெரிய குறையாகத் தோன்றவில்லை.

எங்கள் ஊர்த் தலபுராணத்தில் ஒரு செய்தி உண்டு. தன் யானையின் காலைப் பிணித்த முல்லைக்கொடியைத் தொண்டைமான் வாளால் வெட்டினான்; அடியில் மறைந்திருந்த இலிங்கத்தின்மீது வெட்டுப்பட்டது. பின்னரே அவன் குனிந்து நோக்கினான். லீவிஸும் தாம் வெட்டிய இடத்தைத் தாமே குனிந்து பார்த்தவர். நானோ வாளைத் தொட்டவனும் அல்லேன். பிறர் வெட்டினர் என்று கேட்ட அளவிலே அப்பால் நடந்துவிட்டவன்.

அந்நூல் எனக்குக் கிடைத்தபோது தந்தையாருக்குக் கண்பார்வை மங்கியிருந்தது. அவருடைய பழைய பிரதியை எடுத்து, நாள்தோறும் சில பக்கங்களை அவருக்குப் படித்துக் காட்டினேன். மூன்றாம் அதிகாரத்தில் படகு வீடு வந்ததும், கையை உயர்த்தி என்னை நிறுத்தச் சொன்னார். அப்பகுதியை மட்டும் தமிழில் தாமே சொல்லி முடித்தார்.