புலிக்குட்டியும் சப்பாத்தும்

ஆர்கனைப் பற்றிப் பேச இரண்டு படங்கள் போதும். இரண்டையும் எடுத்தவர் அமெரிக்கப் புகைப்படக்காரர் ரொன் ஹவிவ்.

முதலாவது 1991 இல் எடுத்தது. முகத்தை மூடிய ஆயுதக்காரர் பின்னால் நிற்க, முன்னால் ஒருவர் புலிக்குட்டியொன்றைத் தூக்கிப் பிடித்திருக்கிறார். அவர்தான் ஆர்கன். சொந்தப் பெயர் ஷெல்கோ ரஷ்னாத்தோவிச். எழுபதுகளில் மேற்கு ஐரோப்பாவில் வங்கிகளைக் கொள்ளையடித்து, பெல்ஜியத்திலும் நெதர்லாந்திலும் சிறையிலிருந்து தப்பியவர். பிறகு பெல்கிரேட்டின் ரெட் ஸ்டார் உதைபந்தாட்டக் கழகத்து ரசிகர் கூட்டத்துக்குத் தலைவர். யூகோஸ்லாவியா உடையத் தொடங்கின 1990 இல், அந்த மைதானத்துப் பொடியளையும் சேர்த்துத் துணைப்படை கட்டினார். அதுக்கும் 'புலிகள்' எண்டுதான் பட்டப்பெயர். எங்கட காதுக்கு அது வேற மாதிரிக் கேட்கும். ஆனால் பெயரைத் தவிர வேறொரு தொடர்பும் இல்லை.

அந்தப் படம் ஆர்கனுக்கு நல்லாப் பிடித்துப்போனது. அதனாலதான் 1992 ஏப்ரலில் பொஸ்னியாவின் பியெலினா நகருக்குள் படை நுழைந்தபோது ஹவிவும் கூடப் போக முடிந்தது. இரண்டாவது படம் அங்கே எடுத்தது. சுடப்பட்ட பொதுமக்கள் நடைபாதையில் கிடக்கிறார்கள். தலையில் கறுப்புக் கண்ணாடி, கையில் சிகரெட்டோடு ஒரு படையாள், கீழே கிடக்கிற பெண்ணை உதைக்கச் சப்பாத்துக் காலைப் பின்னுக்கு இழுக்கிறான். பார்த்தால் எங்கட வயதுதான் சொல்லலாம்.

இந்தப் படம் உலகம் முழுக்கப் போன பிறகும் ஆர்கனுக்கு ஒன்றும் ஆகவில்லை. அதே வருடம் டிசம்பரில் பாராளுமன்ற உறுப்பினர். 1995 இல் பிரபல பாடகி செட்சாவோடு கலியாணம், தொலைக்காட்சியில் காட்டினார்கள். 1998 இல் அவரின்ட ஒபிலிச் கழகம் லீக் சாம்பியன். ஹேக் தீர்ப்பாயம் 1997 இல் எழுதின குற்றப்பத்திரம் 1999 இல்தான் பகிரங்கமானது. 2000 ஜனவரி 15 அன்று பெல்கிரேட் ஹோட்டல் ஒன்றில் சுட்டுக் கொல்லப்பட்டார். அவர் மீதான விசாரணை நடக்கவேயில்லை.

கலியாண வீடியோ இப்பவும் யூரியூப்பில் கிடக்கு. நாங்களும் பார்த்தம். முதலாம் உலகப்போர்க் காலத்துச் சீருடையில் மாப்பிள்ளை, பாட்டு, சனக்கூட்டம். சினிமா ஹீரோ மாதிரித்தான் தெரியுது. இப்பிடியான ஆக்களின்ட கதையில் கொள்ளை, தப்பியோட்டம், காதல் எல்லாம் சுவாரசியமாத்தான் இருக்கும். பிறப்பிலிருந்து இறப்பு வரை வரிசையாச் சொன்னால், பியெலினா நடுவில் வாற ஒரு பந்தி. அந்த நடைபாதையில் கிடந்தவைக்கு அதுக்குப் பிறகு பந்தியே இல்லை.

புலிக்குட்டிப் படத்தின்ட ஆசையில் அவர் உள்ளே விட்ட கமராதான், பிறகு ஹேக்கில் சாட்சியமாக வந்த படத்தையும் எடுத்தது. ஆர்கன் ஆர் எண்டு தேடுறவை ரெண்டு படத்தையும் சேர்த்துப் பாருங்கோ.