சா என்னும் சொல்

தமிழில் "சா" என்பது ஓரெழுத்து ஒருமொழி. அவ்வோரெழுத்தினின்று கிளைத்த சொற்கள் பல. ஆயினும் கற்றோர் எனத் தம்மைக் கருதிக்கொள்வோர் அவற்றை வாயாற் சொல்லவும் கூசுகின்றனர். மரணம் என்பர், தேகவியோகம் என்பர், சிவபதம் என்பர். சாவு என்று மட்டும் சொல்லார். ஆங்கிலப் பள்ளியிற் படித்துத் தோட்டத்துக் கிராணியாய்ப் பிழைக்கும் எனக்குத் தமிழகராதி புரட்டும் பழக்கம் பிந்தியே வந்தது. சென்னைப் பல்கலைக் கழகத்தார் 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாக வெளியிட்ட பேரகராதி கையிற் கிடைத்தபொழுது, இச்சொல்லின் குடும்பத்தைத் தேடிப் புகுந்தேன்.

சாதல், சாவு, சாக்காடு யாவரும் அறிந்தவை. "சாவி" என்பது மணி பிடியாது பதராய்ப்போன பயிர். "பயிரெல்லாம் சாவியாய்ப் போச்சு" என்று தஞ்சைப் பக்கத்து முதியோர் சொல்லக் கேட்டிருக்கிறேன். பூட்டைத் திறக்கும் சாவியோ போர்த்துகீசியர் விட்டுச்சென்ற சொல். அதற்கும் இதற்கும் உறவில்லை. ஒரு காலத்தில் மலாயாவின் ஆபீசுகளிலும் ரயில்வேயிலும் நிறைந்திருந்த யாழ்ப்பாணத்தார், காய்ந்த மிளகாயைச் "செத்தல் மிளகாய்" என்பர். ஈரம் வற்றுதலே அங்கே சாவு. "சவம்" ஓசையால் இனம்போலத் தோன்றினும் வடசொல்லாம். "செத்த இரு, வந்துவிடுகிறேன்" என்பதில் உள்ள "செத்த", "சற்றே" என்பதன் திரிபு. இதனை அறியாமல் திடுக்கிட்ட ஆங்கிலம் படித்த இளைஞர் ஒருவரை நான் அறிவேன்!

பேச்சு வழக்கோ இன்னும் அகன்றது. எஞ்சின் நின்றாலும் செத்துப்போயிற்று என்கிறோம். மலாய்க்காரரும் "மாத்தி" என்னும் சொல்லை இவ்வாறே ஆள்வர்: குறைக்கவொண்ணா விலை "ஹர்கா மாத்தி", அப்பால் வழியற்ற தெரு "ஜாலான் மாத்தி". சென்னைத் தெருக்களில் "சாவுகிராக்கி" என்பது வசவு. அதைக் கேட்டுச் சிரிக்கலாம். பெற்ற பிள்ளையைச் "செத்துத் தொலை" என்று தாய் தந்தையரே ஏசுவதை மட்டும் என் மனம் பொறுப்பதில்லை.

அதனினும் பொறுக்கவொண்ணாதது ஒன்றுண்டு. செல்வர் ஒருவர் இறந்தால் "காலமானார்"; நாற்பதாண்டு பால்மரம் வெட்டியவர் இறந்தால் "செத்துப்போனான்". சாவிலுமா சாதியும் பணமும்? குற்றம் "சா" என்னும் வேரிலில்லை. "ஆன்" என்னும் விகுதியில் இருக்கிறது. திருவள்ளுவர் குறளில் "செத்தார்" என்றே ஆள்கிறார். அஃது இழிசொல்லாயின் அவர் கை அதனைத் தொட்டிருக்குமோ? அத்தொழிலாளிக்கும் "ஆர்" போட்டுப் பேசினால் நமக்கு என்ன செலவு?

இக்குடும்பத்தில் என்னை மிகவும் தொட்ட சொல் "சாகக்கொடுத்தல்". நெருங்கியவரைச் சாவினால் இழத்தல் என்பது அதன் பொருள். ஆங்கிலத்தில் இழந்தேன் என்று சொல்லலாம். கொடுத்தேன் என்று சொல்ல வழியில்லை. ஒரு பாரம் நிரப்பும்பொருட்டு, எத்தனை பிள்ளைகள் என்று ஒரு மூதாட்டியை ஒருமுறை கேட்டேன்.

"அஞ்சு பெத்தேன், கிராணி ஐயா. ரெண்டைச் சாகக் கொடுத்தேன்" என்றார்.

பேனா நின்றது. நான் கேளாமலே அவர் மேலும் சொன்னார்: "ஒண்ணு காய்ச்சலுக்கு. ஒண்ணு ஆத்துக்கு."

பாரத்தில் உயிரோடிருப்போர்க்கே கட்டம் இருந்தது. அதில் மூன்று என எழுதிவிட்டு, ஓரத்தில் அவர் சொன்ன சொல்லைத் தமிழிலேயே எழுதி அனுப்பினேன்.