மண்முனைத்துறை

மட்டக்களப்பு வாவியானது ஏறத்தாழ 56 கிலோமீற்றர் நீளத்துக்குக் கடலோரமாய்க் கிடந்து, கிழக்கே எழுவான்கரையென்றும் மேற்கே படுவான்கரையென்றும் நிலத்தைப் பகுத்திருப்பினும், சனங்களைப் பகுத்ததாகச் சொல்வதற்கில்லை. படுவான்கரை நெல்லும் தயிர்ச்சட்டிகளும் மண்முனைத்துறையிலே பாதை என்னும் பெரும்படகேறிச் சந்தைக்குப் போக, கொக்கட்டிச்சோலைத் தான்தோன்றீச்சரத்திலே தேர்வடம் பிடிக்க எழுவான்கரையார் அதே பாதையிலே வந்திறங்கினர்.

இடப்பெயர்வைத் திரைக்கதையாக்க விழையும் எழுத்தாளர் எவராயினும் முதலில் இத்துறையிலே வந்து நிற்றல் வேண்டுமென்பது என் அபிப்பிராயம். ஷோபாசக்தி நாயகனாக நடித்ததும், 2015இல் கான் விழாவிலே தங்கப்பனை விருது பெற்றதுமான ‘தீபன்’ திரைப்படம், பிரான்ஸ் தேசம் புகுந்தோரின் கதை. அதுவும் நம்முடைய கதையே. ஆயினும் 2007 மார்ச்சிலே போர் நெருங்கிப் படுவான்கரைக் கிராமங்கள் வெறிச்சோடியபோது, ஆயிரமாயிரம் குடும்பங்கள் கடந்தது இந்த வாவியை மாத்திரமே. அது பெரும்போக அறுவடைக் காலம். விளைந்த நெல்லை வயலிலும் கறவைகளைப் பட்டியிலும் விட்டுவந்தோர், இக்கரையிலே நின்று மேற்கே நோக்கினால் அக்கரைத் தென்னைகள் தெரியும். பார்ப்பதற்குத் தடையில்லை, போவதற்கே தடை. 1987 ஜனவரியில் மகிழடித்தீவு இறால் பண்ணைத் தொழிலாளரைப் பறிகொடுத்து, 1991 ஜூனிலே மறுபடியும் படுகொலையைக் கண்ட பிரதேசத்துக்கு இந்த ஓட்டம் புதிதுமன்று.

வீடு என்பது இங்கே தாய்வழிச் சொத்து. மகளுக்குக் கலியாணம் பேசினால் சீதனமாக வீட்டையே எழுதிக் கொடுத்துவிட்டு, பெற்றோர் அயலிலே வேறொன்று கட்டிக் குடிபுகுவர். இரண்டாவது மகள் வளர்ந்தால் அதுவும் அவளுக்கே. ஆகையால் போரிலே கூரை எரிந்தவிடத்து ஒரு குமர்ப்பெண்ணின் விவாகமும், அவள் தங்கையின் விவாகமும் வரிசையாகத் தள்ளிப்போயின. நிவாரணக் கணக்கிலே இந்த நஷ்டத்துக்கென ஒரு நிரல் இருந்ததில்லை.

2014இல் இத்துறையிலே ஜப்பானிய உதவியுடன் 210 மீற்றர் நீளப் பாலம் திறக்கப்பட்டது. நள்ளிரவிலே பிரசவ வேதனையோடு துறையிலே பாதைக்காகக் காத்திருக்கும் அவஸ்தை தீர்ந்ததை எண்ணி நான் மனமார மகிழ்கிறேன். ஆனால் பாதை வரும்வரை இரு கரையாரும் ஓரிடத்தே நின்று குசலம் விசாரித்து, தாய்வழிக் குடி கேட்டு, சம்பந்தம் பேசிய அந்த நேரமும் அதனோடு போயிற்று. திரைக்கதை எழுத வருவோர் குண்டுகளின் எண்ணிக்கையை விசாரிப்பதற்கு முன்னர், எந்த வீடு எந்த மகளுக்கென்று இருந்தது என்பதை இங்குள்ள தாய்மாரிடம் கேட்பாராக.